கொகேஷி மரப்பொம்மை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வீட்டுக்கு வருபவர்கள் அலமாரியில் இருக்கும் கொகேஷிகளைப் பார்த்ததும் ஏறக்குறைய ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள். படம் போட்டால் பின்னூட்டத்திலும் அதே கேள்விகள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்வதற்குப் பதிலாக, கேட்டவர்கள் கேட்ட விதத்திலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். எளிதானவை முதலில், வம்பானவை கடைசியில்.

கொகேஷி என்றால் என்ன? ஜப்பான் பொம்மை எல்லாமே கொகேஷிதானா?

இல்லை. ஜப்பானில் பொம்மை வகைகள் ஏராளம். பட்டாடை கட்டிய ஹினா பொம்மை வேறு, காகிதக்கூழில் செய்யும் சிவப்பு தருமா வேறு. கொகேஷி என்பது கடைசல் பிடித்த மரப்பொம்மை. உருண்டைத் தலை, உருளை உடம்பு, அவ்வளவுதான். முகமும் கூந்தலும் பூக்களும் தூரிகையால் வரைந்தவை.

பாரம்பரியக் கொகேஷிக்கு ஊர் உண்டு. ஹோன்ஷு தீவின் வடகிழக்கில் இருக்கும் தோஹோகு பகுதி. அவோமோரி, இவாதே, அகிதா, மியாகி, யமகதா, ஃபுகுஷிமா என்ற 6 மாகாணங்கள் அதில் வரும். பனி கொட்டும் மலைநாடு, வெந்நீர் ஊற்றுகள் நிறைந்த இடம். இந்த இரண்டும் இல்லாமல் கொகேஷி பிறந்திருக்காது.

கை, கால் ஏன் இல்லை? செய்யத் தெரியாதா?

செய்தவர்கள் சிற்பிகள் அல்ல, கடைசல்காரர்கள். அவர்களை கிஜிஷி என்பார்கள். மரக் கிண்ணமும் தட்டும் கடைவதுதான் அவர்கள் பிழைப்பு. கடைசல் இயந்திரத்தில் மரம் சுழல்கிறது, உளி அப்படியே நிற்கிறது. அதில் வருவதெல்லாம் வட்டமும் உருளையும்தான். கை கால் வேண்டுமென்றால் தனியாகச் செதுக்கி ஒட்ட வேண்டும். கிண்ணம் கடைகிறவர் குழந்தைகளுக்காகச் செய்த பொம்மைக்கு அது தேவைப்படவில்லை.

இன்னொன்று, இது கையில் பிடித்து விளையாடுவதற்கு. செந்தாய் நகரத்துப் பக்கம் இருக்கும் சகுனாமி ஊரின் பழைய கொகேஷிகளுக்கு உடம்பு மெலிந்திருக்கும். சின்னக் குழந்தையின் பிடிக்குள் அடங்கும்.

எவ்வளவு பழசு? யார் ஆரம்பித்தது?

எடோ காலத்தின் பிற்பகுதி, அதாவது 19ஆம் நூற்றாண்டின் தொடக்கம். இன்னார்தான் ஆரம்பித்தார் என்று ஒருவர் பெயரைச் சொல்ல முடியாது. அறுவடை வேலை ஓய்ந்ததும் விவசாயக் குடும்பங்கள் வெந்நீர் ஊற்று இருக்கும் ஊர்களுக்குப் போய், நாள்கணக்கில் தங்கி, குளித்து உடம்பைத் தேற்றிக்கொள்வது அங்கே வழக்கம். திரும்பும்போது குழந்தைகளுக்கு ஏதாவது வாங்க வேண்டாமா? பக்கத்து மலையில் இருந்த கிஜிஷிகள் பம்பரத்தோடு பொம்மையும் கடைந்து விற்றார்கள்.

சிவப்பு நிறம் அதிகமாக இருப்பதற்கும் காரணம் உண்டு. பெரியம்மை குழந்தைகளை வாரிக்கொண்டு போன காலம் அது. சிவப்புப் பூசிய விளையாட்டுப் பொருள் அம்மையிடமிருந்து காக்கும் என்று அந்நாள் ஜப்பானில் நம்பினார்கள்.

இறந்த குழந்தையின் நினைவாகச் செய்வதாமே? வீட்டில் வைத்தால் ஆகாது என்கிறார்களே?

எனக்கு மிகவும் எரிச்சல் தரும் கேள்வி இது. இல்லை, அப்படி எதுவும் இல்லை. அந்தப் பெயரின் ஒலியை ‘குழந்தை’, ‘அழித்தல்’ என்று இரண்டாகப் பிரித்து 1960களில் பரவிய கதை. எடோ காலத்து ஆவணம் எதுவும் அதற்கு ஆதரவாக இல்லை. தோஹோகுவில் பஞ்சமும் சிசுக்கொலையும் நடந்தது உண்மை. அதனால்தான் கதை நம்பும்படி இருக்கிறது.

ஆனால் ஒன்றை யோசியுங்கள். அந்தக் காலத்தில் பெரும்பாலான ஊர்களில் இதற்குக் கொகேஷி என்ற பெயரே கிடையாது. ஒரு ஊரில் தேகோ, இன்னொரு ஊரில் கிபொக்கோ, ஹனமாகி பக்கம் கினாகினா. 1940இல் நாருகோ வெந்நீர் ஊரில் கூடிய சேகரிப்பாளர்களும் கைவினைஞர்களும்தான் கொகேஷி என்ற பெயரைப் பொதுவாக வைத்துக்கொள்ளலாம் என்று முடிவுசெய்தார்கள். அப்படிப் பின்னால் பொதுவான பெயரை வைத்து, முன்னால் ஒரு சடங்கு இருந்தது என்று எப்படிச் சொல்வது? தாராளமாக வீட்டில் வைக்கலாம்.

என்ன மரம்? எந்த மரத்திலும் செய்யலாமா?

பெரும்பாலும் மிசுகி. வெண்மையான, ரேகை அதிகம் தெரியாத மரம், கடைய மென்மை. முகம் வரைவதற்கு இதைவிட நல்லது இல்லை. இதாயா என்ற மேப்பிள் இன்னும் கடினம், வழவழப்பாக வரும். செர்ரி மரமும் உண்டு. பழுப்பு நிறம் என்பதால் முகம் கொஞ்சம் அடங்கித் தெரியும்.

மரத்தில் நீரோட்டம் குறைந்த குளிர்காலத்தில் வெட்டி, பட்டையை உரித்து, காற்றாட நிறுத்திவைப்பார்கள். அரை வருடம் முதல் ஒரு வருடம் அல்லது அதற்கும் மேல் காய வேண்டும். அவசரப்பட்டால் கடைந்த பிறகு விரிசல் விடும்.

எப்படிச் செய்கிறார்கள்? கையாலேயா, மெஷினா?

இரண்டும்தான். ரொக்குரோ எனப்படும் கடைசல் இயந்திரம் இல்லாமல் கொகேஷி இல்லை. பழைய நாளில் அதற்கு இரண்டு பேர் வேண்டும். ஒருவர் தண்டில் சுற்றிய கயிற்றை முன்னும் பின்னும் இழுப்பார், மற்றவர் உளி பிடிப்பார். 1885 வாக்கில் தோக்கியோவிலிருந்து வந்த ஒரு கடைசல்காரர் மியாகியின் அவோனே வெந்நீர் ஊரில் காலால் மிதித்து ஓட்டும் முறையைக் கற்றுக்கொடுத்தார். கற்றவர்கள் அதைச் சுற்றுவட்டாரத்துக்குக் கொண்டுபோனார்கள். ஒரே ஆள் தனியாகக் கடையலாம், மரமும் ஒரே திசையில் தொடர்ந்து சுழலும். தொழிலே மாறிப்போனது. இப்போது மின் மோட்டார்.

தோஹோகு கடைசல்காரர் சுழலும் தண்டின் முனைக்கு எதிரே உட்கார்ந்து கடைகிறார். உளிகளைக் கடையில் வாங்குவது அரிது. இரும்பைக் காய்ச்சித் தட்டித் தன் கைக்கு ஏற்றபடி தானே அடித்துக்கொள்வார். இதைச் சொன்னால் பலர் நம்புவதில்லை. கடைசல் பழகுகிறவர் கொல்லர் வேலையும் பழகியாக வேண்டும். வடிவம் வந்ததும் தொகுசா என்ற சொரசொரப்பான தண்டுள்ள செடியாலும் வைக்கோலாலும் தேய்த்து மெருகேற்றுவது பழைய முறை. உப்புத்தாளும் இன்று உண்டு.

வண்ணத்தில் இரண்டு கட்டம். மரம் சுழலும்போதே தூரிகையை வைத்தால் வளையக் கோடு விழும். தோள்பட்டை, இடுப்பு, சில ஊர்களில் தலை உச்சி, எல்லாம் அப்படித்தான். அப்புறம் இயந்திரத்தை நிறுத்திவிட்டுப் பூவும் முகமும். பென்சில் கோடு கிடையாது. கருப்புக்கு மசி, சிவப்பு, பச்சை, மஞ்சள், ஊதாவுக்குத் தண்ணீரில் கரைத்த சாயம். சாயம் மரத்துக்குள் ஊறிவிடும் என்பதால் அழிக்க வழியில்லை. கண் கொஞ்சம் கோணிவிட்டால் அந்தப் பொம்மை போயிற்று. கடைசியாக மெழுகு.

தலையைத் திருப்பினால் ‘கீச்’ என்று சத்தம் வருகிறது. உடைத்துவிட்டேனா?

உடையவில்லை. உங்களுடையது அநேகமாக நாருகோ கொகேஷி. அந்தச் சத்தத்துக்காகவே அதை வாங்குகிறவர்கள் இருக்கிறார்கள்.

தலையின் அடியில் ஒரு முளை, உடம்பின் மேலே ஒரு குழி. முளை குழியைவிடக் கொஞ்சம் பெரியது. சாதாரணமாக நுழையாது. உடம்பை இயந்திரத்தில் மாட்டிச் சுழலவிட்டு, தலையை மேலிருந்து அழுத்துவார்கள். உராய்வில் சூடேறி, மரம் இளகி, ஒரு கணத்தில் முளை உள்ளே போய்விடும். குளிர்ந்ததும் இறுகும். பிறகு தலை திரும்பும், ஆனால் கழன்று வராது. திரும்பும்போது மரத்தோடு மரம் உரசிக் கீச்சிடும். பசை கிடையாது, ஆணி கிடையாது. சுச்சியு ஊர் பொம்மைகளிலும் இதே வேலை உண்டு. தயவுசெய்து எண்ணெய் மட்டும் விடாதீர்கள்.

எல்லாம் ஒரே மாதிரிதான் இருக்கு. எந்த ஊர் என்று எப்படிக் கண்டுபிடிக்கிறீர்கள்?

தலை உச்சியை முதலில் பாருங்கள். உச்சியில் கருப்பு வளையங்கள் ஒன்றுக்குள் ஒன்றாக இருந்தால் ஃபுகுஷிமாவின் சுச்சியு. அதன் தலை சிறியது, உடம்பு மெலிந்தது, நெடுக வளையக் கோடுகள். உச்சியில் பல நிற வளையங்கள், தொப்பி போட்டதுபோல் இருந்தால் ஷிரொயிஷி நகரத்தைச் சேர்ந்த யாஜிரோ. தலைமேல் சிவப்புக் கோடுகள் கதிர்கதிராக விரிந்து, உடம்பில் சாமந்திப் பூ அடுக்கடுக்காக ஏறினால் சாவோ மலையடிவாரத்துத் தோகாத்தா. தோள் விரிந்து, நடுவில் லேசாக உள்வாங்கி, தலை கீச்சிட்டால் நாருகோ. அதிலும் சாமந்திதான், ஆனால் வேறு மாதிரி.

உடம்பும் தலையும் ஒரே கட்டையில் கடைந்து, தலைமுடி குட்டையாக வெட்டியதுபோல் இருந்தால் அவோமோரியின் சுகாரு. அதன் உடம்பில் தருமாவின் முறைத்த முகமோ, அந்தப் பகுதியை ஆண்ட குலத்தின் பியோனிப் பூச் சின்னமோ இருக்கும். குரோயிஷி பக்கம் இருந்த மோரி ஹிதேதாரோவின் வேலைகள் இதில் பெயர்பெற்றவை. அகிதாவின் கிஜியாமாவும் ஒரே கட்டைதான். கோடு போட்ட கிமோனோ, முன்னால் பிளம் பூ போட்ட ஏப்ரன்.

எனக்குப் பிடித்தது இவாதே மாகாணத்து ‘நம்பு’ வகை. அதில் பல பொம்மைகளுக்கு வண்ணமே கிடையாது, முகமும் கிடையாது. தலை கழுத்துக் குழியில் தளர்வாக உட்கார்ந்து ஆடும். பல் முளைக்கும் குழந்தை வாயில் வைத்துச் சப்புவதற்காகச் செய்தது. சாயம் பூசாமல் விட்டதற்கு அதைவிட நல்ல காரணம் வேண்டுமா?

சில புத்தகத்தில் 11 வகை, சிலதில் 12. எது சரி?

பிரிக்கிறவரைப் பொறுத்தது. சகுனாமியையும் யமகதாவையும் சிலர் ஒன்றாக எண்ணுவார்கள். ஃபுகுஷிமாவின் நகனோசவா பொம்மைகளைச் சிலர் சுச்சியுவின் கிளை என்பார்கள், சிலர் தனிக் குலம் என்பார்கள். சிவப்பு வளையத்துக்குள் முட்டைக் கண்ணோடு விழிப்பவை அவை. ‘ஆக்டோபஸ் மொட்டை’ என்று செல்லப்பெயர். ஒரு முறை பார்த்தால் மறக்காது.

கிமோனோ போட்டு, குண்டாக, பளபளவென்று ஒன்று வாங்கினேன். இதில் எதிலுமே சேரவில்லையே?

அது புதுவகைக் கொகேஷி. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு பெருகியது. தோஹோகுவில் அல்ல, தோக்கியோவுக்கு வடக்கே இருக்கும் குன்மா மாகாணத்தில்தான் அதிகம். அதற்குக் குலமோ கட்டுப்பாடோ கிடையாது. செய்கிறவர் விரும்பிய வடிவம், விரும்பிய நிறம். மட்டமானது என்று நினைக்க வேண்டாம், அதிலும் அருமையானவை உண்டு. இரண்டும் வேறு வேறு கைவேலை, அவ்வளவுதான். சீருந்தின் முன்கண்ணாடியில் தலையாட்டும் சிறுசுகளைப் பற்றி எனக்குக் கருத்து இல்லை.

ரஷ்யாவின் மத்ரியோஷ்கா இதைப் பார்த்துத்தான் செய்தார்களாமே?

பாதிக் கதை. மத்ரியோஷ்கா 1890களில் தோன்றியது. ஜப்பானிலிருந்து வந்த, ஒன்றுக்குள் ஒன்று அடங்கும் ஒரு பொம்மையைப் பார்த்து அந்த யோசனை வந்தது என்பது பிரபலமான கதை. அப்படிக் காட்டப்படும் பொம்மை ஃபுகுரோகுஜு என்ற நீண்ட தலைக் கிழவனார். ஹக்கோனே மலைப்பகுதியின் கைவேலை. தொடர்பு உண்மையாகவே இருந்தாலும், அது கொகேஷியோடு அல்ல. கொகேஷிக்குள் எதுவும் அடங்காது, அது கெட்டிக் கட்டை.

நம் சன்னபட்டணம் பொம்மை மாதிரியே இருக்கே. ஏதாவது சம்பந்தம் உண்டா?

இரண்டும் கடைசல் வேலை என்பதால் உறவு தெரியும். கர்நாடகத்தின் சன்னபட்டணத்தில் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பவாஸ் மியான் என்பவர் ஜப்பானியப் பொம்மைத் தொழில்நுட்பத்தைக் கொண்டுவந்து அந்தத் தொழிலை மேம்படுத்தினார் என்று சொல்வார்கள்.

வண்ணம் போடும் முறை முற்றிலும் வேறு. சன்னபட்டணத்தில் அரக்குக் குச்சியைச் சுழலும் மரத்தில் அழுத்துவார்கள். உராய்வுச் சூட்டில் அரக்கு உருகி மேலே படியும். அதனால்தான் அந்தக் கண்ணாடிப் பளபளப்பு. கொகேஷியில் சாயம் உள்ளே ஊறுகிறது, மரத்தின் ரேகை மறைவதில்லை.

வெறும் மரக்கட்டைக்கு ஏன் இவ்வளவு விலை?

ஒரு சாண் உயரக் கொகேஷி சில ஆயிரம் யென். விலை பெரும்பாலும் உயரத்தைப் பொறுத்தது, உயரத்தைச் சுன் என்ற பழைய அளவில் சொல்வார்கள். 1 சுன் ஏறக்குறைய 3 செ.மீ. 8 சுன் என்றால் 24 செ.மீ.

மரம், உளி பற்றி மேலே எழுதியதை ஒருமுறை படித்துவிட்டு இந்தக் கேள்வியைக் கேளுங்கள். ஒரு வருடம் காய்ந்த மரம், தானே அடித்த உளி, அழிக்க முடியாத கோடு. என்னைக் கேட்டால் விலை குறைவு. அந்தக் குறைவுதான் அடுத்த கேள்வியின் பாதிச் சிக்கலும்.

இது அழிந்துவருகிறது என்கிறீர்கள். போன வருஷம் போனபோது கடையில் கூட்டமாக இருந்ததே?

இரண்டும் உண்மை. கொகேஷி ஒருமுறை கிட்டத்தட்டச் செத்துப் பிழைத்தது. தகரப் பொம்மையும் செல்லுலாய்டு பொம்மையும் வந்ததும் குழந்தைகள் இதைக் கைவிட்டார்கள். அப்போது வளர்ந்த மனிதர்கள் அழகுக்காக இதைச் சேகரிக்கத் தொடங்கினார்கள். 1928இல் செந்தாயைச் சேர்ந்த அமாயே தொமியா கொகேஷிக்கென்றே முதல் புத்தகம் எழுதினார். நிறுத்திவிட்ட கிழவர்களைத் தேடிப்போய் மறுபடி கடையச் சொன்னவர்கள் சேகரிப்பாளர்கள்தான். போருக்குப் பிறகு வெந்நீர் ஊர்ச் சுற்றுலா பெருகியபோது இன்னொரு அலை. 2010ஐ ஒட்டி இளம்பெண்களிடையே மூன்றாவது அலை. அவர்களுக்கு ‘கொகேஜோ’ என்ற பெயரே விழுந்தது. நீங்கள் பார்த்த கூட்டம் அதன் தொடர்ச்சி.

ஆகவே வாங்க ஆள் இருக்கிறார்கள், செய்யத்தான் ஆள் குறைகிறார்கள். பெயர்பெற்ற ஒருவரிடம் கேட்டுவைத்தால் காத்திருக்க வேண்டியிருக்கும்; அதே ஊரில் பக்கத்துப் பட்டறை பூட்டிக் கிடக்கும். தொழில் பிடிபட வருடங்கள் ஆகும், அதுவரை வருமானம் சொற்பம். மகன் நகரத்துக்கு வேலைக்குப் போய்விட்டான் என்றால் கடைசல் தண்டு நின்றுவிடும். ஒரு முதியவர் ஓய்ந்தால் அவரோடு ஒரு முகமும் போய்விடுகிறது.

அப்படியானால் ஏன் வெளியாள் யாரும் அந்தப் பாணியில் வரையக்கூடாது என்று தடுக்கிறார்கள்? அவர்களே அழித்துக்கொள்வது போல இல்லையா?

நியாயமான கேள்வி. பாரம்பரியக் கொகேஷியில் உடம்பின் வடிவும் முகமும் பூவும் குருவிடமிருந்து சீடனுக்கு வருபவை. நாருகோவில் பயின்றவர் தோகாத்தா முகம் வரைந்து தன் பெயரில் விற்பது முறையல்ல. குலத்துக்குள்ளேயே மறைந்த ஒருவரின் பாணியைத் திரும்பச் செய்ய அந்தக் குடும்பத்தின் சம்மதம் கேட்பார்கள்.

இந்த வழக்கம் ஆளைக் குறைக்கிறது, சந்தேகமில்லை. ஆனால் இதை எடுத்துவிட்டால் எஞ்சுவது எல்லா ஊரிலும் ஒரே பொம்மை. எந்தச் சட்டமும் இல்லாத மலையூர்கள் சில மைல் தூரத்துக்குள் இத்தனை முகங்களைத் தனித்தனியாக வைத்திருந்தது இந்தக் கூச்சத்தால்தான். முன்பு தந்தை மகன் என்று இருந்த வாசல் இப்போது அகலமாகியிருக்கிறது. ஊர் நிர்வாகங்கள் வெளியூர் இளைஞர்களை உதவித்தொகை கொடுத்து வரவழைத்துப் பயிற்சிக்கு விடுகின்றன. ஷிரொயிஷி அப்படி யாஜிரோவுக்குச் சீடர்களைத் தேடியது. ரத்த உறவு இல்லாவிட்டாலும் பரவாயில்லை, குருவிடம் உட்கார்ந்து கற்றால் குலத்தில் சேர்ந்தாயிற்று. நான் இதைத்தான் சரியான வழி என்று நினைக்கிறேன்.

அரசாங்கம் எதுவும் செய்யவில்லையா? கணினி இயந்திரத்தில் கடைந்தால் பிரச்சினை தீருமே?

மியாகியின் பாரம்பரியக் கொகேஷி 1981இல் தேசிய அளவில் பாரம்பரியக் கைவினைப் பொருளாக அறிவிக்கப்பட்டது. ஷிரொயிஷியில் ஆண்டுதோறும் நடக்கும் கொகேஷிப் போட்டியில் முதல் பரிசு பிரதமர் பெயரில். பெருமைதான், ஆனால் விருது மரம் வெட்டாது.

இயந்திரத்தில் உருளை செய்யலாம், செய்கிறார்கள். எதைக் காப்பாற்றப் பார்க்கிறோம் என்பதே கேள்வி. பொம்மைகளைக் காக்க அருங்காட்சியகம் போதும். கையைக் காக்க ஒரு கை இன்னொரு கையைப் பார்த்துக் கற்க வேண்டும்.

அசல் என்று எப்படித் தெரிந்துகொள்வது? என் பாட்டி கொடுத்ததில் அடியில் எழுத்தே இல்லை.

எழுத்து இல்லாவிட்டால் போலி என்று அர்த்தமில்லை. குழந்தை விளையாட்டுப் பொருளில் யார் கையெழுத்துப் போடுவார்கள்? அடியில் பெயர் எழுதும் பழக்கம் சேகரிப்பாளர்கள் கேட்க ஆரம்பித்த பிறகு வந்தது. ஊர் அடையாளத்துக்கு வகை பற்றிய பதிலைப் பாருங்கள். அடிப்பாகத்தில் கடைசல் தடம் இருக்கிறதா, பூவின் ஓரத்தில் சாயம் மரத்துக்குள் லேசாகக் கசிந்திருக்கிறதா என்று கவனியுங்கள். அச்சடித்ததில் கசிவு இருக்காது.

நிறம் மங்கிவிட்டது. திரும்பப் பூசலாமா? சென்னை வெக்கையில் தாங்குமா?

பூச வேண்டாம். தொட்டால் மதிப்பும் போகும், முகமும் போகும். சாயம் வெயிலுக்கு ஆகாது. ஊதா முதலில் ஓடிவிடும், மசி மட்டும் அப்படியே நிற்கும். மரம் தேன் நிறத்துக்கு மாறுவது இயல்பு, பலருக்கு அதுதான் பிடிக்கும்.

வெக்கையைவிட ஈரம்தான் ஆபத்து. ஜன்னல் வெளிச்சம் படாத, காற்றோட்டமான அலமாரி போதும். மழைக்காலத்தில் சிலிக்கா பொட்டலம் போடுங்கள், வெறும் உலர்ந்த மென்துணியால் துடையுங்கள். ஈரத்துணி பட்டால் சிவப்பு கையோடு வரும். நெட்டையானவை லேசாகத் தட்டினாலே விழும். 2011 நிலநடுக்கத்துக்குப் பிறகு, விழுந்ததும் அடியில் விளக்கு எரியும் கொகேஷியை மியாகியில் செய்தார்கள், விழுவதையே வேலையாக்கிவிட்டார்கள்.

நேரில் போய்ப் பார்க்க வேண்டும். எங்கே, எப்போது?

ஒரே ஊர்தான் போக முடியும் என்றால் நாருகோ. தோக்கியோவிலிருந்து ஷின்கான்சென் அதிவேக ரயிலில் ஃபுருகவா, அங்கிருந்து ரிகு-உ கிழக்கு ரயில் பாதையில் நாருகோ ஒன்சென் நிலையம். தெருவிலேயே பட்டறைகள் உண்டு, உள்ளே ஆள் கடைவதைப் பார்க்கலாம். குன்றின் மேல் ஜப்பான் கொகேஷி அருங்காட்சியகம் இருக்கிறது. செப்டம்பர் தொடக்கத்தில் போனால் கொகேஷித் திருவிழா.

ஷிரொயிஷிப் போட்டி மே மாதத் தொடக்கத்தில். அங்கிருந்து யாஜிரோ கொகேஷி கிராமமும் சாவோ மலையடிவாரத்துத் தோகாத்தாவும் அருகில். தோகாத்தா, குரோயிஷி இரண்டு இடத்திலும் அருங்காட்சியகம் உண்டு. பெரும்பாலான இடங்களில் வெள்ளைப் பொம்மையும் தூரிகையும் கொடுத்து வரையச் சொல்வார்கள். பட்டறைக்குப் போகிறவர்கள் முன்கூட்டியே சொல்லிவிட்டுப் போங்கள். மரம் சுழலும்போது பேச்சுக் கொடுக்காதீர்கள். பணத்தை ரொக்கமாக வைத்துக்கொள்வது நல்லது, மலையூர்ப் பட்டறைகளில் அட்டை எடுபடாமல் போகலாம்.